மரத்துக்குத் தடவிய மருந்தும் மனிதன் விழுங்கிய மாத்திரையும்

பால்மரத் தோட்டத்தில் உளி பிடித்தவர்களுக்கு "மருந்து தடவுவது" என்றால் என்னவென்று விளக்க வேண்டியதில்லை. வெட்டுக்கோட்டை ஒட்டிப் பட்டையின் மேல்தோலைச் சுரண்டி, தூரிகையால் ஒரு கோடு பூசுவார்கள். சில நாட்களில் அதே மரம் மங்கு நிறையப் பால் தரும். இந்த மருந்துகளை ஆராய்ந்து பார்த்த இடங்களுள் முக்கியமானது நமது சுங்கை பூலோ. 1925இல் நிறுவப்பட்ட ரப்பர் ஆராய்ச்சிக் கழகத்தின் சோதனைத் தோட்டம் இங்கேதான் இருந்தது. நம்மவர் பலர் அங்கே பால் வெட்டிப் பிழைத்தார்கள். இன்று அந்நிலத்தில் புதிய நகரம் எழுந்து வருகிறது.

1950களில் களைக்கொல்லி மருந்தையே செம்பனை எண்ணெயில் குழைத்து மரத்துக்குத் தடவினார்கள். 1960களின் இறுதியில் எத்திபோன் என்ற இரசாயனம் வந்தது. "எத்ரல்" என்ற பெயரில் பலருக்கும் தெரிந்த மருந்து அது. பட்டைக்குள் சென்றதும் அது எத்திலீன் வாயுவாக மாறும். வெட்டிய இடத்தில் பால் குழாய்களின் வாய் விரைவில் அடைபட்டுவிடுவது இயல்பு. இந்த வாயு அந்த அடைப்பைத் தள்ளிப்போடும். அதனால் பால் நெடுநேரம் ஒழுகும். ஆனால் அளவு மீறியோ அடிக்கடியோ தடவினால் கோடு காய்ந்துவிடும். அப்புறம் எத்தனை முறை வெட்டினாலும் பால் வராது.

மரத்தைப் பற்றிப் பேசவா வந்தீர்கள் வாத்தியாரே என்று கேட்பீர்கள். இல்லை. மனிதனின் மூளைக்கு இதேபோல் மருந்து தடவிய கதை ஒன்று உண்டு. மூளை வேறு, மரம் வேறு என்பதை மறக்காமல் அந்தக் கதைக்குள் போவோம்.

உழைக்கிறவனுக்குக் களைப்பு தெரியாமல் செய்ய ஏதாவது ஒன்று எக்காலத்திலும் இருந்திருக்கிறது. இந்நாட்டில் சீனத் தொழிலாளிக்குச் சண்டு என்னும் அபின். 1910 முதல் நீரிணைக் குடியேற்றங்களில் அரசாங்கமே அதைத் தயாரித்து விற்று வருமானம் பார்த்தது. நமக்குக் கள்ளுக்கடை. வடக்கே கெடா, பெர்லிஸ் பக்கம் கெத்தும் இலை. வெயிலில் வயல் வேலை செய்பவர்கள் அந்த இலையை மென்றார்கள், அல்லது காய்ச்சிக் குடித்தார்கள். குறைந்த அளவில் அது சுறுசுறுப்பைத் தரும். அளவு கூடினால் அபினைப்போல் மயக்கும். ஓர் இலைக்குள் இரண்டு குணம்! மரத்தைச் சாகடிக்காமல் பால் வெட்டும் முறையை வகுத்த ரிட்லி துரையே, 1897இல் இந்த இலை அபின் பழக்கத்துக்கு மாற்றாகப் பயன்படுவதைக் குறித்து வைத்தார். 1921இல் எடின்பரோவில் எலன் ஃபீல்ட் என்ற அம்மையார் அதன் சத்தான மித்ராகைனினைப் பிரித்தெடுத்தார். 2003இல் மலேசிய அரசு அதை 1952ஆம் ஆண்டு நச்சுப்பொருள் சட்டத்தின் பட்டியலில் சேர்த்தது. தாய்லாந்தோ 1943இல் விதித்த தடையை 2021இல் நீக்கிவிட்டது. எல்லையின் அந்தப் பக்கம் ஒரு நியாயம், இந்தப் பக்கம் ஒரு நியாயம்.

ஆனால் உலகை உலுக்கிய ஊக்கி வேறொரு செடியிலிருந்து வந்தது. சீன மருத்துவர்கள் இளைப்பு நோய்க்குக் கொடுத்துவந்த மா ஹுவாங் என்ற செடி அது. 1885இல் ஜப்பானிய அறிஞர் நாகாய் நாகயோஷி அதிலிருந்து எபிட்ரின் என்ற சத்தைப் பிரித்தார். 1893இல் அதையே மாற்றி இன்னொரு பொருளைச் செய்தார். அதுதான் மெத்தம்பெட்டமின், இன்று நம் ஊர் இளைஞர் வாயில் "சியாபு" என்று அடிபடும் அதே பொருள். அதன் உடன்பிறப்பான அம்பெட்டமினை 1887இல் பெர்லினில் எடேலியானு என்ற ருமேனியர் செய்திருந்தார். இரண்டுக்கும் அப்போது ஒரு பயனும் தெரியவில்லை. அரை நூற்றாண்டு போல அலமாரியில் கிடந்தன.

போர் வந்ததும் அலமாரி திறந்தது. ஜெர்மனியில் 1938 முதல் "பெர்விட்டின்" என்ற பெயரில் மெத்தம்பெட்டமின் மாத்திரை விற்கப்பட்டது. 1940இல் பிரான்சின் மீது படையெடுத்தபோது, ஏப்ரல் முதல் ஜூலை வரை மூன்றரைக் கோடி மாத்திரைகள் படைகளுக்குப் போயின. ஜப்பானில் 1941இல் வந்த மாத்திரையின் பெயரைக் கேளுங்கள்: "ஃபிலோபோன்". கிரேக்க மொழியில் உழைப்பை விரும்புபவன் என்று பொருள். பெயர் வைத்தவன் கெட்டிக்காரன்தான்! போர் முடிந்ததும் மீதமிருந்த சரக்கு கடைவீதிக்கு வந்தது. தோற்றுப் பசியில் கிடந்த மக்கள் அதை விழுங்கினார்கள், ஊசியாகவும் ஏற்றிக்கொண்டார்கள். 1951இல் ஜப்பான் தனிச் சட்டம் போட்டது. 1954ஆம் ஆண்டில் மட்டும் ஏறத்தாழ 55,000 பேர் கைதானார்கள்.

இந்த மாத்திரை உடலுக்குள் என்ன செய்கிறது? மூளையில் நரம்பணுக்கள் ஒன்றையொன்று தொடுவதில்லை. நடுவே மிகச் சிறிய இடைவெளி உண்டு. ஓர் அணு சில இரசாயனங்களைச் சுரந்து அடுத்ததற்குச் செய்தி அனுப்பும்; வேலை முடிந்ததும் மீதியைத் தானே உறிஞ்சிக்கொள்ளும். ஆர்வம், முனைப்பு, "இன்னும் வேண்டும்" என்ற உந்துதல் ஆகியவற்றோடு தொடர்புடைய இரசாயனம் டோப்பமின். மெத்தம்பெட்டமின் உறிஞ்சும் வாயிலைத் திருப்பிவிடுகிறது. உள்ளே போகவேண்டிய டோப்பமின் வெளியே கொட்டுகிறது. பசியில்லை, தூக்கமில்லை, உலகமே கைக்குள் இருப்பதுபோல் ஒரு மிதப்பு. நாலு நாள் போனால் யாரோ துரத்துவதாகச் சந்தேகம், காதில் இல்லாத குரல். நீண்ட காலம் எடுத்தால் அந்த வாயில்களே குறைந்துபோகின்றன. அப்போது குழந்தையின் சிரிப்பும் தாயின் சோறும் இன்பம் தருவதில்லை. கோடு காய்ந்த மரத்தை இங்கே நினைத்துக்கொள்ளலாம்.

இதே குடும்பத்து மருந்து பள்ளிக்கூடத்துக்குள் நுழைந்த கதைதான் ஆசிரியனாகிய எனக்கு மிகவும் வியப்பூட்டுவது. 1937இல் அமெரிக்காவின் ரோட் ஐலண்டில் சார்லஸ் பிராட்லி என்ற டாக்டர், நடத்தைக் கோளாறுள்ள 30 பிள்ளைகளுக்கு ஒரு வாரம் அம்பெட்டமின் கொடுத்தார். ஓயாமல் துள்ளிய பிள்ளைகளில் சிலர் அமைதியானார்கள். 14 பேர் பாடத்தில் வியக்கத்தக்க முன்னேற்றம் காட்டினார்கள். பிள்ளைகளே அதற்குக் "கணக்கு மாத்திரை" என்று பெயர் வைத்தார்களாம். 1944இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில், சீபா நிறுவனத்தின் பனிசோன் என்பவர் மெத்தில்ஃபெனிடேட்டைச் செய்தார். மனைவி மார்கரீட்டின் செல்லப்பெயர் ரீட்டா. அதை வைத்து மருந்துக்கு ரிட்டலின் என்று பெயரிட்டார். இது டோப்பமினை வெளியே கொட்டுவதில்லை. உறிஞ்சும் வாயிலை மட்டும் சிறிது நேரம் அடைக்கும். சாதாரண மாத்திரை மூன்று நான்கு மணி நேரம் வேலை செய்யும்.

என் வகுப்பில் ஒரு பையன் இருந்தான். பெயர் வேண்டாம். நாற்காலியில் ஐந்து நிமிடம் உட்காரமாட்டான். கணக்கைப் பாதியில் விட்டு ஜன்னலுக்குப் போய்விடுவான். டாக்டர் பார்த்து இந்த மாத்திரையை எழுதிக் கொடுத்தார். இரண்டு மாதம் நன்றாகப் படித்தான். பிறகு லயத்தில் யாரோ "இது டாடா அல்லவா? பிள்ளைக்கு டாடா கொடுக்கிறாயே" என்று சொல்ல, அந்தத் தாய் பயந்து மருந்தைக் குப்பையில் போட்டுவிட்டாள். அவளைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. டாடாவால் அழிந்த வீடுகளைக் கண்ணால் பார்த்தவள் அவள். ஆனால் டாக்டர் எடை பார்த்து, இரத்த அழுத்தம் பார்த்து, சிறு அளவில் தொடங்கி, வாய்வழியாக மெதுவாகச் சேரும் மருந்து வேறு. புகையாக இழுத்து நொடிகளில் மூளைக்கு ஏறும் சியாபு வேறு. வேகமும் அளவும்தான் போதையைத் தீர்மானிக்கின்றன. மாத்திரையால் பசி குறையலாம், தூக்கம் தள்ளிப்போகலாம், வளர்த்தி சற்று மந்தப்படலாம். அவற்றைக் கவனிக்கத்தான் டாக்டர் மறுபடி வரச் சொல்கிறார். பயமிருந்தால் அவரிடமே போய்க் கேட்டிருக்கலாம்.

தம்பியின் மாத்திரையைப் பரீட்சைக்கு முதல் நாள் அக்காள் விழுங்குவதுதான் தவறு. 2023இல் மெல்பர்ன் பல்கலைக்கழகத்தார் நலமான 40 பேருக்கு இத்தகைய மருந்துகளைக் கொடுத்துக் கடினமான புதிர்களைத் தந்தார்கள். அவர்கள் அதிக நேரம் முயன்றார்கள். விடையின் தரமோ குறைந்தது. விழித்திருப்பது வேறு, விளங்கிக்கொள்வது வேறு.

அதே பாசல் நகரில், சாண்டோஸ் என்ற இன்னொரு நிறுவனத்தில், ஆல்பர்ட் ஹாஃப்மன் 1938இல் எல்.எஸ்.டி.யைச் செய்தார். தானியத்தில் வளரும் ஒருவகைப் பூஞ்சையிலிருந்து தொடங்கிய வேலை அது. 1943இல் தாமே விழுங்கிப் பார்த்து, சைக்கிளில் வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் உலகம் நெளிவதைக் கண்டார். இது ஊக்கி அல்ல. செரட்டோனின் என்ற வேறொரு இரசாயனத்தின் இடத்தில் போய் உட்கார்ந்து, பார்ப்பதையும் கேட்பதையும் மூளை கோக்கும் முறையைக் கலைத்துவிடும். மழைக்குப் பின் மாட்டுச் சாணத்தில் முளைக்கும் சில காளான்களிலும் இதுபோன்ற பொருள் உண்டு. அதையும் 1958இல் ஹாஃப்மனே பிரித்தெடுத்தார். குழம்புக்குக் காளான் பறிக்கும் தாய்மார்கள் இதைக் கவனத்தில் வைக்கவேண்டும். ஊமத்தை தரும் சித்தப்பிரமை வேறு வகை. அது உயிரையே பறிக்கும். 2023இல் ஆஸ்திரேலியா இந்தக் காளான் மருந்தைச் சில மனநோயாளிகளுக்குக் கொடுக்க, அனுமதி பெற்ற மனநல மருத்துவர்களுக்கு வழிவிட்டது. மருத்துவக் கண்காணிப்பில் மட்டும்தான், இங்கே அப்படி இல்லை.

1971இல் வியன்னாவில் உலக நாடுகள் கூடி எல்.எஸ்.டி.யை முதல் பட்டியலிலும், அம்பெட்டமின் வகைகளையும் ரிட்டலினையும் இரண்டாம் பட்டியலிலும் வைத்தன. மலேசியாவில் ரிட்டலின் 1989ஆம் ஆண்டு விதிகளின் கீழ் டாக்டர் சீட்டோடு கிடைக்கிறது. சியாபும் "பில் குடா" என்னும் குதிரை மாத்திரையும் 1952ஆம் ஆண்டு அபாயகரப் போதைப்பொருள் சட்டத்தின் கீழ் வருகின்றன. 50 கிராம் கையில் இருந்தாலே கடத்தல்காரன் என்று அனுமானிக்கலாம். மரண தண்டனை கட்டாயம் என்றிருந்த நிலை 2023இல் முடிந்தது; இப்போது தண்டனையை முடிவு செய்வது நீதிபதி.

இரவு லாரி ஓட்டும் பையன்களும், இரண்டு ஷிப்டு பார்க்கும் பையன்களும் குதிரை மாத்திரையைத் தேடுவது கூத்தடிக்க மட்டுமல்ல. விடிய விடிய வேலை இருக்கிறது, கடன் இருக்கிறது. ஃபிலோபோன் என்ற பெயர் அவர்களுக்காகவே வைத்ததுபோல் இருக்கிறது. ஹெராயினுக்கு 2005 முதல் மெத்தடோன் என்ற மாற்று மருந்து இங்கே கிடைக்கிறது. சியாபுக்கு அப்படி ஒரு மாற்று மருந்து இன்னும் இல்லை. ஆலோசனையும் குடும்பத்தின் பொறுமையும் காலமும்தான் சிகிச்சை. 1983ஆம் ஆண்டுச் சட்டம், தானாக முன்வந்து சிகிச்சை கேட்பவருக்கு வழி வைத்தது. வயது வராத பிள்ளைக்காகப் பெற்றோரே விண்ணப்பிக்கலாம். மகனை வீட்டுக்குள் பூட்டி மறைத்து வைக்கும் பெற்றோர் பலருக்கு இது தெரிவதில்லை. 2001இல் அமெரிக்காவில், ஓராண்டு அளவுக்கு மெத்தம்பெட்டமினை விட்டு விலகியிருந்த ஐந்து பேரின் மூளையைப் படமெடுத்துப் பார்த்தார்கள். குறைந்துபோயிருந்த டோப்பமின் வாயில்கள் கணிசமாக மீண்டிருந்தன. நினைவாற்றலும் கைகால் வேகமும் அந்த அளவுக்கு இன்னும் மீளவில்லை.