இந்திரகோபம் பூச்சியா?

திருவில்லிபுத்தூரில் தோன்றிய ஆண்டாள், நாச்சியார் திருமொழியின் ஒன்பதாம் திருமொழியைத் தொடங்கும்போதே, திருமாலிருஞ்சோலையெங்கும் பரந்து கிடக்கும் இந்திரகோபங்களைக் காண்கிறாள். சங்கப் புலவர்கள் மூதாய் என்றதும், ஊர்ப்புறத்தார் தம்பலப்பூச்சி என்பதும் இதனையே. மழைக்குப்பின் ஈரத்தரையில் செம்பட்டுத் துணுக்குகளென ஊரும் சிற்றுயிர் அது.

ஆயினும் அறிவியலார் அதனைப் பூச்சி என்று ஒப்புவதில்லை. பூச்சிக்குக் கால் ஆறு. வளர்ந்த இந்திரகோபத்துக்கோ எட்டு. ஆதலின் அது சிலந்திக்கும் தேளுக்கும் உறவு.

இவ்வரையறை ஒரே நாளில் பிறந்ததன்று. சுவீடன் நாட்டு லின்னேயஸ், 1758இல் வெளியிட்ட ‘இயற்கையின் முறைமை’ பத்தாம் பதிப்பில், சிறகுகளை முதன்மையாகக் கொண்டு பூச்சிகளை ஏழு வரிசைகளாக வகுத்தார். சிறகில்லா வரிசையில் பேனையும் சிலந்தியையும் தேளையும் வைத்தவர், நண்டையும் அங்கேயே வைத்தார்! தொல்காப்பிய மரபியல் நண்டையும் தும்பியையும் நான்கறிவுயிர்களாக ஒருங்கு வைத்தமை இங்கு நினையத்தக்கது. சிறகை அளவுகோலாகக் கொண்டவரும் புலனறிவை அளவுகோலாகக் கொண்டவரும் எதிர்பாராது ஓரிடத்தில் சந்திக்கின்றனர்.

லின்னேயஸின் மாணவர் ஃபெப்ரீசியஸ், சிறகை விடுத்து வாயுறுப்புகளைக் கொண்டு பூச்சிகளை வகுத்தார். இந்திரகோபத்தின் பேரினத்துக்கு டிராம்பிடியம் என 1775இல் பெயரிட்டவரும் அவரே. பிரெஞ்சு அறிஞர் லமார்க் 1801இல் நண்டினத்தையும் சிலந்தியினத்தையும் பூச்சியினத்தினின்றும் வேறுபடுத்தித் தனித்தனி வகுப்புகளாக்கினார். எனினும் இம்மூன்றும் இன்றும் கணுக்காலிகள் என்னும் ஒரே பெருங்குடும்பத்தினவே.

அறிவியற்பெயர் இரு சொற்களால் ஆவது: முன்னது பேரினம், பின்னது சிற்றினம். 2019இல் தமிழக அரசு மாநிலப் பட்டாம்பூச்சியாக அறிவித்த தமிழ் மறவனுக்கு அப்பெயர் சிர்ரோகுரோவா தாயிஸ். ஃபெப்ரீசியஸ் 1787இல் அதனை வேறொரு பேரினத்தில் வைத்தார். பின்வந்தோர் பேரினத்தை மாற்றினும், அவர் இட்ட தாயிஸ் என்னும் சொல்லை மாற்றவில்லை. அவர் பெயரையும் ஆண்டையும் அடைப்புக்குறிக்குள் இட்டுக் காத்தனர். முந்தி இட்ட பெயருக்கே முதன்மை என்பது அத்துறையின் அறம்.

நாம் அவ்வறத்தைக் காத்தோமா? மூதாய் அகராதிக்குள் ஒடுங்கிவிட்டது, தம்பலப்பூச்சியும் பின்தொடர்கின்றது. உயிரை அறியாத தலைமுறைக்கு ஆண்டாளின் இந்திரகோபம் வெறும் உரைக்குறிப்பாகிவிடும். பத்தாண்டு கண்ட நம் வட்டத்துக் கவிஞர்கள், இராசபாளையம், திருவில்லிபுத்தூர் வட்டாரத்து முதியோர் நாவில் எஞ்சியுள்ள சிற்றுயிர்ப் பெயர்களைக் கேட்டு எழுதி வைப்பார்களாக. பெயரிட்டவர் எவரென்று நாம் அறியோம், பெயரையேனும் இழவாதிருப்போம்.