'நைரோபி'யாக நடித்தவர் யார் தெரியுமா?

'மணி ஹைஸ்ட்' பார்த்திருக்கீங்களா? அப்போ நைரோபியை மறந்திருக்க மாட்டீங்க!

அந்த வேடத்தில் நடித்தவர் அல்பா ஃபுளோரஸ். 1986இல் ஸ்பெயினின் மட்ரிட் நகரில் பிறந்தவர். வீடு முழுக்கக் கலைஞர்கள்தான்.

பாட்டி லோலா ஃபுளோரஸ்: ஸ்பெயினே கொண்டாடிய பாடகி, நடனமணி, நடிகை

தாத்தா அந்தோனியோ கொன்சாலெஸ்: ரோமா சமூகத்தைச் சேர்ந்த கித்தார் கலைஞர்

அப்பா அந்தோனியோ ஃபுளோரஸ்: பாடகர், பாடலாசிரியர்

அத்தைகள் லோலிட்டா, ரொசாரியோ: இருவருமே பாடகிகள், நடிகைகள்

1994இல் அப்பா வெளியிட்ட ஆல்பத்தில் மகளுக்காகவே ஒரு பாட்டு உண்டு. அதன் பெயரும் 'அல்பா'தான். ஸ்பானிய மொழியில் 'விடியல்' என்று பொருள்.

அடுத்த ஆண்டு மே மாதம் பாட்டி காலமானார். இரண்டே வாரத்தில் அப்பாவும் போய்விட்டார். அல்பாவுக்கு அப்போது வயது 8.

பெரிய குடும்பப் பெயர் இருந்தாலும் அவர் நடிப்பில் தனிவழி தேடினார். 2008இல் இசைநாடகம் ஒன்றில் பாடி நடித்தார். 2013இல், ஆந்திராவில் தொண்டாற்றிய விசென்டே ஃபெரர் பற்றிய படத்தில் தெலுங்கே பேசினார்!

இன்று பல நாட்டு ரசிகர்களுக்கு முதலில் தெரிவது நைரோபியைத்தான். லோலாவின் பேத்தி என்பது அப்புறம்தான் தெரியும்.