அலமாரியில் உட்கார்ந்திருந்தவன்

ஆன்சைட் வேலையாக நியூ ஜெர்சியில் நாங்கள் இருந்தது ஒரே ஒரு டிசம்பர். பக்கத்து வீட்டில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் தனியாக இருந்தார். டிசம்பர் முதல் தேதி மாலை அவர் கதவைத் தட்டி என் ஐந்து வயது மகளிடம் ஒரு பெட்டியைக் கொடுத்தார். உள்ளே ஒரு படப்புத்தகமும், சிவப்புச் சட்டை போட்ட ஒல்லியான பொம்மை ஒன்றும் இருந்தன. 'தி எல்ஃப் ஆன் தி ஷெல்ஃப்.' தன் பேரப்பிள்ளைகள் எல்லாரும் இதில்தான் வளர்ந்தார்கள், எங்கள் குடும்ப வழக்கம் இது என்றார்.

புத்தகம் சொல்லும் விதிகள் எளிமையானவை. எல்ஃப் என்பவன் சான்டா கிளாஸின் ஆள். பகல் முழுக்க அசையாமல் உட்கார்ந்து குழந்தையைக் கவனிப்பான். ராத்திரி வடதுருவத்துக்குப் பறந்துபோய், இன்றைக்கு இவள் சமர்த்தா, சண்டியா என்று சான்டாவிடம் ரிப்போர்ட் கொடுப்பான். விடிவதற்குள் திரும்பிவந்து வேறு இடத்தில் உட்கார்ந்திருப்பான். குழந்தை அவனுக்குப் பெயர் வைக்கலாம், பேசலாம். தொடக் கூடாது. தொட்டால் மாயம் போய்விடும்.

மகள் அவனுக்கு 'டிங்கு' என்று பெயர் வைத்தாள். ராத்திரி இடம் மாற்றி வைப்பது என் டியூட்டி. மறந்துவிடுவேன் என்று ஃபோனில் பதினொரு மணிக்கு அலாரம். முதல் வாரம் எல்லாருக்குமே ஜாலியாக இருந்தது. "டிங்கு பாக்கறான்" என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும், தட்டில் இருக்கும் இட்லி காலியாகிவிடும். எங்கள் ஊரில் பூச்சாண்டி பார்த்த வேலையை இவன் சிரித்துக்கொண்டே பார்க்கிறான் என்று மனைவியிடம் சொல்லிச் சிரித்தேன்.

இரண்டாவது வாரம் ஒருநாள் சோஃபாவில் பாலைக் கொட்டிவிட்டாள். சத்தமே இல்லை. நேராக என் மேஜைக்கு வந்து, காதோடு காதாகக் கேட்டாள்: "அப்பா, அவனைக் கொஞ்சம் செவுத்துப் பக்கம் திருப்பி வைக்கிறீங்களா? நான் தொடக் கூடாதாம்ல."

திருப்பி வைத்தேன். அன்றிரவு தூக்கம் வரவில்லை. இந்த வழக்கம் எங்கிருந்து வந்தது என்று தேட ஆரம்பித்தேன்.

*

முதல் ஆச்சரியம், இதன் வயது. அந்தப் புத்தகம் வெளிவந்தது 2005ல். என் ஜிமெயில் கணக்கைவிட மூத்ததில்லை. கரோல் ஏபர்சோல்ட் என்கிற அம்மாவும் அவர் மகள் சாண்டா பெல்லும் சேர்ந்து எழுதியது. அவர்கள் வீட்டில் நிஜமாகவே இப்படி ஒரு பொம்மை இருந்திருக்கிறது, அம்மா பிள்ளைகளோடு ஆடிய விளையாட்டு. பதிப்பாளர்கள் வேண்டாம் என்று சொல்ல, குடும்பமே சொந்தமாகப் பதிப்பித்து, பொம்மையோடு பெட்டியில் போட்டு விற்றது. ஒரு வீட்டின் வழக்கம் புத்தகமானது. அந்தப் புத்தகம் லட்சக்கணக்கான வீடுகளின் வழக்கமானது.

ஆனால் இது புதுசு ஒன்றும் இல்லை. அமெரிக்கக் கிறிஸ்துமஸே ஏறக்குறைய இப்படிப் புத்தகத்திலிருந்து வீட்டுக்கு வந்ததுதான்.

மாசசூசெட்ஸில் குடியேறிய ப்யூரிட்டன்கள் கிறிஸ்துமஸைக் கொண்டாடவே விடவில்லை. 1659ல் சட்டம் போட்டார்கள்: கொண்டாடினால் ஐந்து ஷில்லிங் அபராதம். 1681 வரை அது இருந்தது. மதக் காரணம் ஒரு பக்கம். இன்னொரு பக்கம், அன்றைய கிறிஸ்துமஸ் வீட்டுக்குள் நடப்பதே இல்லை, தெருவில் நடப்பது. அறுவடை முடிந்து வேலை குறைந்திருக்கும் காலம். இளவட்டங்களும் கூலிக்காரர்களும் கும்பலாகக் கிளம்பிப் பணக்காரர் வீட்டுக் கதவைத் தட்டிச் சாப்பாடும் குடியும் கேட்பார்கள். கொடுத்தால் வாழ்த்து, கொடுக்காவிட்டால் வசவு, சில சமயம் கல். 1820களின் நியூயார்க்கில் தகர ஊதல்களோடும் மேளங்களோடும் இந்தக் கூட்டங்கள் பண்டிகை ராத்திரிகளில் திரிந்தன. நகரம் வேகமாக வளர்ந்த காலம். வசதியுள்ள வீடுகளுக்குப் பயம்.

இந்தப் பின்னணியை விரிவாக எழுதியவர் ஸ்டீபன் நிசன்பாம். 'தி பேட்டில் ஃபார் கிறிஸ்துமஸ்' என்கிற அவருடைய நூல் 1996ல் வந்தது. பண்டிகையைத் தெருவிலிருந்து எடுத்து வீட்டுக்குள் வைத்ததில் நியூயார்க்கின் ஒரு சிறு மேல்தட்டு வட்டத்துக்குப் பெரிய பங்கு உண்டு என்பது அவர் வாதம். அவர்கள் கையில் கிடைத்த பாத்திரம் செயின்ட் நிக்கலஸ்.

அந்த வட்டத்தில் ஒருவர் ஜான் பின்டார்ட், நியூயார்க் வரலாற்றுச் சங்கத்தை நிறுவியவர். 1810 டிசம்பரில் அவர் அச்சடித்துக் கொடுத்த ஒரு படத்தாளில் செயின்ட் நிக்கலஸ் நிற்கிறார். பக்கத்தில் இரண்டு குழந்தைகள். பரிசு கிடைத்த ஒன்று சிரிக்கிறது, குச்சி கிடைத்த இன்னொன்று அழுகிறது. 1821ல் அதே நகரத்தில் 'தி சில்ட்ரன்ஸ் ஃப்ரெண்ட்' என்றொரு மெல்லிய படப்புத்தகம் வந்தது. எழுதியவர் பெயர் இல்லை. சான்டாவின் வண்டியை ஒரு கலைமான் இழுத்துவருவது அச்சில் முதலில் தெரிவது இதில்தான் என்கிறார்கள். நல்ல பிள்ளைகளுக்குப் பொம்மையும் புத்தகமும். கடைசிப் பக்கத்தில், சொல்பேச்சுக் கேட்காத பிள்ளைகளின் பெற்றோருக்காக அவர் விட்டுப்போகும் நீளமான கறுப்புக் குச்சி.

இரண்டே வருஷம் கழித்து அந்தக் குச்சி காணாமல் போனது.

1823 டிசம்பர் 23. நியூயார்க் மாநிலத்தின் ட்ராய் நகரத்தில் வெளிவந்த 'சென்டினல்' பத்திரிகையில் பெயரில்லாமல் ஒரு பாட்டு: 'செயின்ட் நிக்கலஸின் வருகை'. 56 வரிகள். பின்னாளில் க்ளெமென்ட் க்ளார்க் மூர் தன்னுடையது என்று 1844ல் தன் தொகுப்பில் சேர்த்துக்கொண்டார். ஹென்றி லிவிங்ஸ்டன் எழுதியது என்று அவர் குடும்பத்தார் சொல்லிவந்தார்கள், அந்தத் தகராறு தனிக்கதை. மூர் ஹீப்ரு அகராதி போட்ட பேராசிரியர். மன்ஹாட்டனின் செல்ஸீ பகுதியில் பெரிய பண்ணை வைத்திருந்தவர், அந்தப் பண்ணைக்குள் நகரம் தெருக்களைப் போட்டுக்கொண்டிருந்தது. எட்டுக் கலைமான்கள், அவற்றின் பெயர்கள், குலுங்கும் தொந்தி என்று நாம் இன்று சான்டா என்றதும் நினைப்பதில் பாதி இந்தப் பாட்டில் இருக்கிறது.

அதைப் படித்தபோது நான் கவனித்தது வேறு. குழந்தைகளுக்கான பாட்டு என்று பெயர். ஆனால் பாட்டு முழுக்கக் குழந்தைகள் தூங்குகிறார்கள். முழித்திருப்பது அப்பா மட்டும். வெளியில் சத்தம் கேட்டு ஜன்னலுக்கு ஓடுகிறார். அழுக்குத் துணியும் மூட்டையுமாக, தெருவியாபாரி மாதிரி ஒருவன் புகைபோக்கி வழியாக வீட்டுக்குள்ளேயே குதித்துவிடுகிறான். அன்றைய நியூயார்க் வீட்டுக்காரனின் பயம் அப்படியே வந்து கூடத்தில் நிற்கிறது! ஆனால் வந்தவன் எதையும் கேட்கவில்லை. கண்ணடித்து, தலையாட்டி, பயப்பட ஒன்றுமில்லை என்று அப்பாவுக்கு உணர்த்துகிறான். காலுறைகளை நிரப்பிவிட்டுப் போய்விடுகிறான். யார் நல்ல பிள்ளை என்ற விசாரணையே இல்லை.

நிசன்பாம் இதில் இன்னொரு கணக்கையும் பார்க்கிறார். முன்பு பரிசு வீட்டிலிருந்து தெருவுக்கு, இருப்பவரிடமிருந்து இல்லாதவருக்குப் போனது. இப்போது வீட்டுக்குள்ளேயே பெரியவரிடமிருந்து குழந்தைக்குப் போகிறது. கதவு சாத்தியாகிவிட்டது. அந்தக் கணக்கு நியாயமானது, அதை மறுக்க முடியவில்லை. ஆனாலும் ஒரு தகப்பனாக எனக்கு அந்தப் பாட்டின் மேல் பிரியம் வந்துவிட்டது. பயந்தவன் அப்பா என்பதை அது மறைக்கவில்லை.

*

அப்பா எழுதிய இன்னொரு புத்தகமும் உண்டு. சிகாகோவின் மான்ட்கோமரி வார்ட் கடைகள் கிறிஸ்துமஸுக்குக் குழந்தைகளுக்கு இலவசப் புத்தகம் கொடுப்பது வழக்கம். 1939ல் வெளியில் வாங்குவதற்குப் பதிலாக, தங்கள் விளம்பர எழுத்தாளர் ராபர்ட் மேயையே எழுதச் சொன்னார்கள். மூக்கு சிவப்பாக ஒளிர்வதால் மற்றவர்கள் கேலி செய்யும் ஒரு கலைமானை அவர் எழுதினார். மனைவி புற்றுநோயில் படுத்திருந்தார். எழுத எழுத நான்கு வயது மகள் பார்பராவுக்குப் படித்துக் காட்டினார். ஜூலையில் மனைவி இறந்தார். வேறு யாரிடமாவது கொடுத்துவிடுகிறோம் என்று மேலாளர் சொன்னபோது மே ஒப்புக்கொள்ளவில்லை. எழுதி முடித்தார். அந்தப் பருவத்தில் மட்டும் சுமார் 24 லட்சம் பிரதிகள் போயின. அதுதான் 'ருடால்ஃப்'. மூரின் எட்டு மான்களோடு ஒன்பதாவதாக அது சேர்ந்துகொண்டது. கடை விளம்பரம்தான். ஆனால் அதிலும் குழந்தையை எடைபோடும் கண் இல்லை. எல்லாரும் எடைபோட்டுத் தள்ளிய ஒருவனைக் கூப்பிட்டு வேலை கொடுக்கிறார் சான்டா.

2005ல் திரும்பி வந்தது அந்தக் கண். குச்சி இல்லை, சிரித்த முகம்தான். 2014ல் லாரா பின்டோ, செலினா நெமோரின் என்ற இரண்டு ஆய்வாளர்கள், இந்தப் பொம்மை கண்காணிப்பைக் குழந்தைகளுக்கு இயல்பாக்குகிறது என்று எழுதினார்கள். பலர் கேலி செய்தார்கள். ஒரு பொம்மைக்கு இவ்வளவு தத்துவமா என்று நானும் சிரித்திருப்பேன், மகள் காதோடு வந்து கேட்காமலிருந்தால்.

ஏனென்றால் எங்கள் வீட்டு அலமாரியில் டிங்குவுக்கு முன்பே ஒருவன் உட்கார்ந்திருந்தான். மகள் கைக்குழந்தையாக இருந்தபோது வாங்கிய வைஃபை கேமரா. தூங்குகிறாளா என்று பார்க்கத்தான் வாங்கியது. பிறகு ஆபீஸிலிருந்தே "டிவிய ஆஃப் பண்ணு" என்று அதன் வழியாகச் சொல்லப் பழகிவிட்டேன். குரல் வந்ததும் அவள் தோள் ஒருமுறை குலுங்குவதை ஸ்க்ரீனில் பார்த்திருக்கிறேன். நெட்வொர்க் நன்றாக வேலை செய்கிறது என்று நினைத்துக்கொண்டேன்.

டிசம்பர் 24 ராத்திரி, மூரின் பாட்டை அவளுக்குத் தமிழில் கதையாகச் சொன்னேன். முடித்ததும் கேட்டாள்: "எல்லாரும் தூங்கறாங்கல்ல, அந்த அப்பா மட்டும் ஏன் முழிச்சிட்டு இருக்காரு?"

"சத்தம் கேட்டுச்சுல்ல. யாரோ வந்துட்டாங்கன்னு பயந்துட்டாரு."

"அப்பாவுக்கும் பயமா இருக்குமா?"

"நெறைய."

அவள் கொஞ்ச நேரம் யோசித்தாள். பிறகு டிங்குவைக் காட்டி, அவனைத் தன் பக்கத்தில் படுக்க வைக்க முடியுமா என்று கேட்டாள். தொட்டால் மாயம் போய்விடும் என்பது அவளுக்கு நன்றாகவே தெரியும். நான் எடுத்துக் கொடுத்தேன். அவன் காலைப் பிடித்துக்கொண்டே தூங்கிப்போனாள். பதினொரு மணிக்கு அலாரம் அடித்தது. எழுந்துபோய் கூடத்திலிருந்த கேமராவின் வயரைப் பிடுங்கிவிட்டு வந்து படுத்தேன்.