பிள்ளைகளின் பக்கம் நின்ற இதழ்

பெரியோர் தேர்ந்து தரும் நூல்கள் பல அலமாரியிலேயே உறங்க, தாம் சேர்த்த காசில் வாங்கும் இதழ்களைப் பிள்ளைகள் கிழியும் வரை படிப்பர். பிரித்தானியச் சிறுவர்கள் பல தலைமுறைகளாக அவ்வாறு படித்துவரும் நகைச்சுவை வார இதழ் ‘பீனோ’ ஆகும். அதன் வரலாறு, பிள்ளைகளுக்கும் பெரியோர்க்கும் இடையிலான உறவு மாறிவந்த வரலாறாகவும் அமைந்துள்ளது. ஆதலின் அஃது ஆசிரியர்கள் அறியத்தக்கது.

ஸ்காட்லாந்தின் கிழக்குக் கரையில் உள்ள டண்டீ நகரம் சணல், பழப்பாகு, இதழியல் ஆகிய மூன்றுக்கும் பெயர் பெற்றது. அந்நகரின் டி.சி. தாம்சன் நிறுவனம் 1921 முதல் 1933 வரையிலான காலத்தில் சிறுவர்க்கென ஐந்து கதை இதழ்களைத் தொடங்கியது. அவை எழுத்து நிறைந்தவை. 1936ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில், அந்நிறுவனத்தின் ‘சண்டே போஸ்ட்’ இதழில் டட்லி வாட்கின்ஸ் என்னும் ஓவியரின் படக்கதைகள் வெளிவரத் தொடங்கி, மக்களின் உள்ளத்தைக் கவர்ந்தன. சிறுவர் இதழ்களின் பொறுப்பாளராயிருந்த ஆர்.டி. லோ, படக்கதைகளுக்கென்றே தனி இதழ்கள் காணத் திட்டமிட்டார். 1937ஆம் ஆண்டு டிசம்பர் 4ஆம் நாள் ‘டாண்டி’ பிறந்தது. 1938ஆம் ஆண்டு ஜூலை 30ஆம் நாள் அதன் இளவலாகப் ‘பீனோ’ வெளிவந்தது. விருந்து, களியாட்டம் என்பதே அப்பெயரின் பொருள். விலை 2 பென்ஸ். முதல் இதழின் அட்டையை அணி செய்தது ‘பிக் எகோ’ என்னும் நெருப்புக்கோழி. இளைஞரான ஜார்ஜ் மூனி அதன் முதல் ஆசிரியர்.

அந்நாளைய படக்கதை இதழ்கள் பலவற்றில் ஒவ்வொரு படத்தின் கீழும் விளக்க உரை நீண்டு கிடக்கும். புதிய இதழ்கள் இரண்டும் பேச்சைப் படத்திற்குள்ளேயே குமிழ்களில் அமைத்தன. எழுத்துக் கூட்டிப் படிக்கும் பிள்ளையும் கதையைத் தொடர முடிந்தது.

இரண்டாம் உலகப் போரின் விளைவாகத் தாள் தட்டுப்பாடு நேர்ந்தது. 1939இல் தொடங்கப்பட்ட ‘மேஜிக்’ என்னும் மூன்றாம் இதழ் 1941இல் நின்றது. ‘டாண்டி’யும் ‘பீனோ’வும் 1941 முதல் 1949 வரை ஒரு வாரம் ஒன்று, மறுவாரம் மற்றொன்று என மாறி மாறி வெளிவந்தன. அவ்விருண்ட நாள்களில் ஹிட்லரையும் முசோலினியையும் கோமாளிகளாக்கி, அச்சத்தில் வாழ்ந்த பிள்ளைகளைச் சிரிக்க வைத்தன. போருக்குப் பின் ‘பீனோ’ உச்சத்தை எட்டியது. 1950ஆம் ஆண்டு ஏப்ரலில் அதன் வார விற்பனை 19 இலட்சத்தைக் கடந்தது.

1951ஆம் ஆண்டு மார்ச்சில் டேவிட் லா வரைந்த ‘டென்னிஸ்’ என்னும் குறும்பன் தோன்றினான். அதே திங்களில், அதே பெயருடைய மற்றொரு குறும்பன் அமெரிக்க நாளிதழ்களிலும் தோன்றியது வியப்பான தற்செயல். 1953இல் ஆண்பிள்ளைகளுக்குச் சற்றும் சளைக்காத ‘மின்னி’யை லியோ பேக்ஸண்டேல் படைத்தார். 1954இல் அவர் தொடங்கிய பள்ளிக்கதை, 1956இல் ‘பாஷ் ஸ்ட்ரீட் பிள்ளைகள்’ எனப் பெயர் மாறியது. அடங்காத வகுப்பொன்றும், அதனோடு போராடும் ஓர் ஆசிரியரும் அதன் மாந்தர்கள். அவ்வாசிரியருக்குப் பெயரே இல்லை. ‘ஆசிரியர்’ என்பதே அவர் பெயர்.

ஆசிரியரை எள்ளி நகையாடும் இதழ் பிள்ளைகளைக் கெடுக்காதா என்னும் வினா எழுதல் இயல்பே. பழைய இதழ்களைப் புரட்டினால் விடை கிடைக்கும். அன்றைய கதைகள் பலவும் தந்தையின் வீட்டுச் செருப்படியிலோ, ஆசிரியரின் பிரம்படியிலோ முடிந்தன. குறும்புக்கு அடியே முடிவு என்பது அக்காலத்து வீட்டு வழக்கம். பள்ளி வழக்கமும் அதுவே. இதழ் அதை அப்படியே காட்டியது. ஆனால் அடிபட்ட டென்னிஸ் அடுத்த வாரமே புதிய குறும்போடு வந்து நின்றான். அடி அவனைத் திருத்தவில்லை என்பதைப் பிள்ளைகள் வாரந்தோறும் கண்டு சிரித்தனர். பிரித்தானிய அரசு உதவிபெறும் பள்ளிகளில் உடல் தண்டனையை ஒழிக்கும் சட்டம் 1986இல் நிறைவேறி, மறு ஆண்டு நடைமுறைக்கு வந்தது. அக்காலத்தை ஒட்டி இதழிலும் செருப்பும் பிரம்பும் மறைந்தன. அவை மறைந்தபின்னும் நகைச்சுவை குன்றவில்லை. 2021இல், உடற்பருமனைச் சுட்டிய ‘ஃபேட்டி’ என்னும் பட்டப்பெயரும் ‘ஃபிரெடி’ என மாற்றப்பட்டது.

பிள்ளைகளின் பக்கம் நின்ற இவ்விதழ், தன் படைப்பாளரின் பெயரை நெடுங்காலம் மறைத்தே வைத்திருந்தது. ஓவியர்கள் கையொப்பமிடும் வழக்கம் அந்நிறுவனத்தில் இல்லை. வாட்கின்ஸுக்கு 1946 முதல் அவ்வுரிமை கிட்டியது. அவர் 1969இல் தம் வரைபலகையின் முன்னேயே உயிர் நீத்தார். 1962இல் விலகிய பேக்ஸண்டேல், தம் படைப்புகளின் உரிமைக்காக வழக்குத் தொடுத்தார். 1987இல் அது நீதிமன்றத்திற்கு வெளியே இணக்கமாக முடிந்தது. நாடே அறிந்த மாந்தர்களைப் படைத்தவர் தம் உரிமைக்காகப் பல்லாண்டு போராட நேர்ந்தமை எண்ணத்தக்கது.

‘டாண்டி’ தன் 75ஆம் பிறந்த நாளாகிய 2012 டிசம்பர் 4 அன்று அச்சு வடிவில் விடைபெற்றது. ‘பீனோ’ 2019இல் 4000ஆம் இதழைக் கண்டு, இன்றும் வெளிவருகிறது.

பிள்ளைகளுக்கு எழுதுவோர் அறிவுரையோடு மட்டும் வந்தால் வாசற்படியிலேயே நிற்க நேரும். சிரிப்போடு வருபவரைப் பிள்ளைகள் உள்ளே அழைத்து அமர்த்துவர். தம்மைப் பற்றிய கேலியையும் பொறுத்துக்கொண்டு, மாணவர் கையில் இருக்கும் இதழை வாங்கிப் படித்துப் பார்க்கும் ஆசிரியர், அம்மாணவரைப் பற்றியும் சிறிது கூடுதலாக அறிந்துகொள்வார்.