புதுச்சேரியில் எதிரிடை அனுபவ உரிமையும் தொலைவில் வாழ்ந்த வீட்டு உரிமையாளரும்

பிறர் வீட்டை வெளிப்படையாகவும் இடையறாமலும் 30 ஆண்டுகள் அனுபவித்தவர் அதற்கு உரிமை கோரலாம் என்றது, 1819 முதல் புதுச்சேரியில் வழங்கிய பிரெஞ்சு உரிமையியல் சட்டத் தொகுப்பு. உரிமையற்றவரிடம் நல்லெண்ணத்துடன் கிரயம் பெற்றவருக்கு, உண்மை உரிமையாளர் அவ்வட்டார மேல்முறையீட்டு நீதிமன்ற எல்லைக்குள் வாழ்ந்தால் 10 ஆண்டுகள், வெளியே வாழ்ந்தால் 20 ஆண்டுகள் எனக் காலம் குறித்தது. பணியின் பொருட்டுச் சைகோன் சென்றோர் பலரைக் கொண்ட இந்நகருக்கு இவ்வேறுபாடு இன்றியமையாதது.

1962இல் சட்டப்படியான இணைப்பு நிறைவுற்றது. 1964 சனவரி 1இல் நடைமுறைக்கு வந்த இந்தியக் காலவரையறைச் சட்டம் தனியார் வீட்டுக்கு 12 ஆண்டுகள் என்ற ஒரே வரம்பை விதித்தது. அனுபவிப்பவரின் நல்லெண்ணத்தையோ உரிமையாளரின் தொலைவையோ அது கருதுவதில்லை. ஆகவே இச்சட்ட மாற்றத்தில் பாதுகாப்பை மிகுதியும் இழந்தவர் கடல் கடந்து வாழ்ந்த உரிமையாளரே என்பது இக்கட்டுரையின் முடிபாகும்.