ஸ்ரீரஞ்சனி (இளையவர்)

ஸ்ரீரஞ்சனி (1927–1974) தெலுங்கு, தமிழ்த் திரைப்பட நடிகை. இயற்பெயர் மகாலட்சுமி. குண்டூர் மாவட்டத்து முரிகிபூடியில் பிறந்தார். 1934ஆம் ஆண்டு தெலுங்கு 'லவகுசா'வில் சீதையாக நடித்த ஸ்ரீரஞ்சனி இவருடைய அக்காள். அக்காள் 1939இல் மறைந்தபின் அதே பெயரில் திரைக்கு வந்ததால் இளைய ஸ்ரீரஞ்சனி, ஜூனியர் ஸ்ரீரஞ்சனி என்று குறிக்கப்படுகிறார். தமிழ் ரசிகர்களுக்கு இவர் 'பராசக்தி'யின் கல்யாணி, 'ரத்தக் கண்ணீ'ரின் சந்திரா. இரண்டு படங்களையும் எடுத்தவர் வேலூர்க்காரர் ஒருவரே.

தெலுங்கில் 'பீஷ்மா' (1944) வழியாக அறிமுகமானார். கே. வி. ரெட்டி இயக்கிய வாஹினியின் 'குணசுந்தரி கதா' (1949) இவரை முன்னணிக்குக் கொண்டுவந்தது. ஷேக்ஸ்பியரின் லியர் மன்னன் கதையைத் தழுவிய அந்தப் படத்தில், தந்தையின் மனம் குளிரப் பேசத் தெரியாத கடைசி மகள் இவர். தமிழில் 'குமாரி' (1952) படத்தில் எம்.ஜி.ஆர்., மாதுரி தேவி ஆகியோருடன் நடித்தார்.

நேஷனல் பிக்சர்ஸ் நிறுவனர் பி. ஏ. பெருமாள் முதலியார் வேலூரில் இருந்து படங்களை வாங்கி வெளியிட்ட விநியோகஸ்தர். சக்தி நாடக சபாவின் மேடையில் நூர்ஜஹானாகப் பெண் வேடமிட்ட சிவாஜி கணேசனைக் கண்டு வியந்த பெருமாள், ஏவி.எம். கூட்டுறவோடு எடுத்த 'பராசக்தி'யில் அவரையே கதாநாயகனாக்கினார். ஆளை மாற்றச் சொல்லி எழுந்த எதிர்ப்புக்கும் அவர் இணங்கவில்லை. அந்த நன்றிக்காகச் சிவாஜி பொங்கல்தோறும் வேலூருக்குச் சீர் கொண்டுசென்றது பலரும் அறிந்த செய்தி. அதே பெருமாள் ஸ்ரீரஞ்சனியை இரண்டு முறை தேர்ந்தெடுத்தது அந்த அளவுக்குப் பேசப்படவில்லை.

கிருஷ்ணன்–பஞ்சு இயக்கத்தில் 1952 தீபாவளிக்கு வெளியான 'பராசக்தி'யை மு. கருணாநிதியின் வசனத்துக்காகவும் சிவாஜியின் நீதிமன்ற முழக்கத்துக்காகவும் நினைவில் வைத்திருக்கிறோம். ஆனால் கதையின் சுமை கல்யாணியின் தலையில் இருக்கிறது. குழந்தை பிறந்த சமயத்திலேயே கணவனையும் தகப்பனையும் இழக்கிறாள். இட்லிக் கடை வைக்கிறாள். ரவுடி, கள்ளச் சந்தைக்காரன், கோயில் பூசாரி என்று ஒருவர் மாற்றி ஒருவர் துரத்த, கைக்குழந்தையை ஆற்றில் எறிந்துவிட்டுக் கூண்டில் ஏறுகிறாள். நீதிமன்றத்தில் முதலில் பேசுபவள் அவள்தான். வறுமையில் வதைபடுவதைவிடக் குழந்தை சாவதே மேல் என்று அவள் சொல்லும் நியாயத்தைக் கேட்டு, நீதிபதியாக அமர்ந்திருக்கும் மூத்த அண்ணன் தன் தங்கை என்று உணர்ந்து மயங்கி விழுகிறான். இன்னொரு அண்ணனான குணசேகரனின் (சிவாஜி) பேச்சு அதற்குப் பிறகுதான் வருகிறது. சுற்றிலும் எல்லோரும் மேடைத் தமிழில் முழங்கும் படத்தில் ஸ்ரீரஞ்சனி குரலைத் தாழ்த்தி, பெரும்பாலும் முகத்தாலேயே நடித்திருக்கிறார். அந்த முகத்தில் களைப்பு நிஜமாகத் தெரிவதால்தான் அண்ணனின் கோபம் பார்ப்பவருக்கும் தொற்றுகிறது.

திருவாரூர் கே. தங்கராசு எழுதி, அதே இரட்டையர் இயக்கிய 'ரத்தக் கண்ணீர்' (1954) முழுக்க எம். ஆர். ராதாவின் படம். வெளிநாட்டில் படித்துத் திரும்பி, தாசி காந்தாவிடம் (எம். என். ராஜம்) அனைத்தையும் இழந்து தொழுநோயாளியாகும் மோகனசுந்தரத்தின் மனைவி சந்திராவாக ஸ்ரீரஞ்சனி வருகிறார். கணவனின் ஏளனத்துக்கு எதிர்வசனம் அவருக்கு அதிகம் இல்லை. கண்ணும் போய்ப் பிச்சையெடுத்து அலையும் மோகன், தன் நண்பன் பாலுவையே மணந்துகொள்ளும்படி கடைசியில் அவளிடம் கூறுகிறான். மனைவி இருக்க வேண்டிய விதம் இதுதான் என்று புராணப் படங்கள் வகுத்த பொறுமைசாலியை, கணவன் உயிரோடிருக்கும்போதே மறுமணத்துக்கு அழைத்துச் செல்லும் துணிச்சல் இது. பார்வையாளர் முகம் சுளிக்காமல் அதை ஏற்றதில் ஸ்ரீரஞ்சனியின் சாந்தமான நடிப்புக்குப் பெரும்பங்கு உண்டு.

படம் தொழுநோயை ஒழுக்கக்கேட்டுக்கான தண்டனையாகக் காட்டியது என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும். தயாரிப்பாளரின் ஊரான வேலூரிலேயே, கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் டாக்டர் பால் பிராண்ட் 1940களின் பிற்பகுதியிலிருந்து தொழுநோயால் மடங்கிப்போன விரல்களை அறுவைச் சிகிச்சையால் மீட்டுக்கொண்டிருந்தார். பக்கத்துக் கரிகிரியில் 1955இல் தனி ஆராய்ச்சி மையமே தொடங்கியது. மருத்துவம் கண்ட அந்த மாற்றம் திரைக்கதையை எட்டவில்லை.

தமிழில் இவ்விரு வேடங்களுக்கு இணையாக ஸ்ரீரஞ்சனிக்கு வேறொன்று அமையவில்லை. 1974இல் காலமானபோது அவருக்கு வயது 47.