வேற்றுகிரகவாசியோடு பேசும் பெட்டி

ஸ்டார் ட்ரெக் பார்த்தவர்களுக்கு இந்தச் சந்தேகம் ஒருமுறையாவது வந்திருக்கும். எங்கேயோ பெயர் தெரியாத கிரகத்தில் இறங்குகிறார்கள். எதிரே ஒருத்தர் வருகிறார், வாயைத் திறந்தால் சுத்தமான இங்கிலீஷ். எப்படி என்று கேட்டால் 'யுனிவர்சல் டிரான்ஸ்லேட்டர்' என்று ஒரு கருவியைக் காட்டுவார்கள். ஒரு மணி நேரத்துக்குள் கதையை முடிக்கணும், பாவம், மொழி கத்துக்க நேரம் ஏது?

நானும் இதைக் கதைவசதி என்றுதான் நினைத்து விட்டுவிட்டேன். அப்புறம் இந்தக் கருவி முதலில் எங்கே வந்தது என்று தேடப்போய், 1945 மே மாதம் 'அஸ்டவுண்டிங்' பத்திரிகையில் வந்த ஒரு சிறுகதையில் போய் நின்றேன். மர்ரே லெய்ன்ஸ்டர் எழுதிய 'ஃபர்ஸ்ட் கான்டாக்ட்'. இந்தக் கருவியின் பேச்சு வரும்போதெல்லாம் பொதுவாக இந்தக் கதையில்தான் ஆரம்பிப்பார்கள்.

நண்டு நெபுலாவுக்குள் பூமியின் கப்பலும் ஒரு கறுப்பு வேற்றுக்கப்பலும் எதிர்பாராமல் சந்தித்துக்கொள்கின்றன. அந்தப் பக்கத்து ஆட்களுக்குக் குரல் கிடையாது. உடம்பிலிருந்தே சிற்றலை ரேடியோ மாதிரி அலைகளை அனுப்பித்தான் பேசிக்கொள்வார்கள். இவர்கள் என்ன செய்கிறார்கள்? படம் போட்டு, பொருளுக்கு ஒரு குறி என்று இரண்டு பக்கமும் ஒப்புக்கொண்டு, சில ஆயிரம் சொற்களைச் சேர்க்கிறார்கள். வருகிற அலைகளைப் பிரித்தெடுக்க ஒரு கருவி, அதன் அர்த்தத்தை எடுக்க ஒரு மெஷின், பதிலை அலையாக மாற்றி அனுப்ப இன்னொரு முனை. லெய்ன்ஸ்டர் இதற்குச் செலவழிப்பது மிகக் கொஞ்சம் பக்கங்கள்தான்.

ஏனென்றால் அவருடைய பிரச்சினை அதற்குப் பிறகுதான் ஆரம்பிக்கிறது. பேச முடிகிறது. ஆனால் யாரும் வீட்டுக்குப் போக முடியவில்லை! நான் கிளம்பினால் நீ பின்தொடர்ந்து வந்து என் ஊரைக் கண்டுபிடிப்பாய். நீ கிளம்பினாலும் அதே கதை. அப்படியானால் ஒருவரை ஒருவர் அழிப்பதுதான் பத்திரம் என்ற இடத்துக்கு இரண்டு பக்கமும் வந்துவிடுகிறது. மெஷின் இந்த மிரட்டலையும் ஒழுங்காக மொழிபெயர்க்கிறது.

என் தொழிலிலும் இதே கதைதான். இரண்டு சிஸ்டம் பேசிக்கொள்ள ப்ரோட்டோகால் எழுதுவது ஒரு வார வேலை. அந்தப் பக்கத்திலிருந்து வருவதை நம்பலாமா என்பது மாசக்கணக்கில் இழுக்கும்.

லெய்ன்ஸ்டரின் மெஷின் ஒரு சங்கேதம் உடைக்கும் மெஷின். போர்க்காலம் அது. அந்தக் காலத்து மூளைகளுக்கு வேற்றுமொழி என்றாலே உடைக்க வேண்டிய ரகசியக் குறியீடு. இதை நான் ஊகமாகத்தான் சொல்கிறேன், ஆனால் நான்கு வருஷம் கழித்து நிஜ உலகமும் அதே வழியில்தான் போனது. 1949 ஜூலையில் வாரன் வீவர் என்ற அமெரிக்கக் கணிதவியலாளர் மொழிபெயர்ப்பு பற்றி ஒரு குறிப்பு எழுதிச் சுற்றுக்கு விட்டார். ரஷ்ய மொழிக் கட்டுரையை, ஏதோ விசித்திரக் குறிகளில் எழுதிய ஆங்கிலமாக நினைத்துக்கொள்ளலாமே என்பது அவர் யோசனை.

அதில் போர்க்காலக் கதை ஒன்று வருகிறது. சங்கேதத்தில் மாற்றிய ஒரு செய்தியை ஒரு கணிதவியலாளரிடம் கொடுக்கிறார்கள். அவர் உடைத்துக் கொண்டுவந்து, 'எனக்கு வரவில்லை' என்கிறார். பார்த்தால் எழுத்துகள் கிட்டத்தட்ட சரி. மூலச்செய்தி துருக்கி மொழி! அவருக்குத் துருக்கி மொழியும் தெரியாது, அது துருக்கி மொழி என்பதும் தெரியாது. வீவர் இதை நம்பிக்கை தரும் உதாரணமாகச் சொல்கிறார். எனக்கோ படிக்கும்போது அந்த மனிதர் முகம்தான் கண்ணில் நின்றது. சரியாக உடைத்துவிட்டு, ஒரு வார்த்தைகூடப் புரியாமல் தோற்றுப்போனதாக நினைத்தவர்.

அப்புறம் நடந்ததைச் சுருக்கமாகச் சொல்லலாம். 1954 ஜனவரி 7, நியூயார்க்கில் ஐபிஎம் 701 கணினி ரஷ்ய வாக்கியங்கள் அறுபதுக்கு மேல் மொழிபெயர்த்துக் காட்டியது. 250 சொற்கள், 6 இலக்கண விதிகள், அவ்வளவுதான். பணம் கொட்டியது. 1966-ல் அல்பாக் என்ற குழு, இயந்திர மொழிபெயர்ப்பு மனிதரைவிட மெதுவானது, பிழை அதிகம், செலவும் அதிகம் என்று அறிக்கை கொடுக்க, பணம் வற்றியது. அதே 1966 செப்டம்பரில்தான் ஸ்டார் ட்ரெக் ஒளிபரப்பாக ஆரம்பித்தது. நிஜத்தில் கதவு சாத்தப்பட்ட வருஷம், கற்பனையில் திறந்த வருஷம்.

1967 நவம்பரில் வந்த 'மெட்டமார்ஃபசிஸ்' என்ற பகுதியில்தான் கேப்டன் கிர்க் கருவியை விளக்குகிறார். அறிவுள்ள எல்லா உயிர்களுக்கும் பொதுவான சில கருத்துகள் உண்டாம். மூளை அலைகளை ஒப்பிட்டு அவற்றைப் பிடித்துக்கொண்டு, மிச்ச இலக்கணத்தைக் கருவியே போட்டுக்கொள்ளும். உடனே அங்கே ஒரு மேகம் பெண் குரலில் பேசுகிறது. ஏன் பெண் குரல் என்றால், ஆண் பெண் என்பது பிரபஞ்சம் முழுக்கப் பொது என்கிறார். ஒரு மேகத்துக்கா? இந்த இடத்தில் எனக்குச் சிரிப்புதான் வந்தது. பொதுவானது என்று கருவிக்குள் போட்டுவைத்தது 1967 அமெரிக்கர்களுக்குப் பொதுவாகத் தோன்றியதை.

லெய்ன்ஸ்டருக்கும் இதே குத்தல் இன்னொரு திசையிலிருந்து வந்தது. 1950-களின் கடைசியில் சோவியத் எழுத்தாளர் இவான் யெஃப்ரெமோவ் 'பாம்பின் இதயம்' என்று ஒரு கதை எழுதினார். அதில் விண்கப்பலில் போகிறவர்கள் லெய்ன்ஸ்டரின் கதையை எடுத்துவைத்துக்கொண்டு விவாதிக்கிறார்கள். நட்சத்திரம்வரை போகத் தெரிந்த சமூகம் இப்படிப் பயந்து சாகுமா, இது எழுதியவரின் காலத்துப் பயம் என்பது அவர்கள் கட்சி. அவர்கள் சந்திப்பது ஃப்ளூரின் சுவாசிக்கும் உயிர்களை. நடுவே கண்ணாடித் தடுப்பு. மிரட்டல் எதுவும் இல்லை. எனக்கு லெய்ன்ஸ்டர்தான் நேர்மையாகப் படுகிறார், இருந்தாலும் யெஃப்ரெமோவின் கேள்வி நியாயமானது.

1991-ல் ஸ்டார் ட்ரெக்கே தன் கருவியைக் கைவிட்டுப் பார்த்தது. 'டார்மொக்' என்ற பகுதியில் வருகிறவர்கள் தங்கள் புராணப் பெயர்களை வைத்தே பேசுகிறார்கள். கருவி எல்லாச் சொல்லையும் சரியாகக் கொடுக்கிறது, ஒன்றும் புரியவில்லை. 'நாரதர் வேலை பார்க்காதே' என்பதை அந்தப் பெட்டியில் போட்டால் நாரதர் என்பவர் எங்கே வேலை பார்க்கிறார் என்றுதான் கேட்கும். அந்தக் கதையில் பொருள் பிடிபடுவது, இரண்டு கேப்டன்கள் ஒரே மிருகத்தோடு சேர்ந்து சண்டை போட்ட பிறகு.

லெய்ன்ஸ்டரின் கப்பல்கள் எப்படித் தப்பின? பூமிக் கேப்டன் தன் உடையில் குண்டை ஒளித்துக்கொண்டு அந்தக் கப்பலுக்குப் போகிறார். அதே நேரத்தில் அவர்களும் இதே யோசனையோடு இங்கே ஆள் அனுப்பியிருக்கிறார்கள்! கடைசியில் கப்பல்களையே மாற்றிக்கொண்டு, ஊருக்கு வழிகாட்டும் எல்லாவற்றையும் அழித்துவிட்டு, அவரவர் வழியில் போகிறார்கள். போகும்போது டாமி என்ற இளைஞன் கேப்டனிடம் ஒன்று சொல்கிறான். பக் என்று அவன் பேர் வைத்த வேற்றுகிரக நண்பன், நம் இரண்டு இனமும் ஒத்துப்போகும் என்கிறானாம். ஆதாரம், இருவரும் இரண்டு மணி நேரம் ஆபாச ஜோக் சொல்லிக்கொண்டிருந்தது.

அதுவும் அந்த மெஷின் வழியாகத்தான். ஜோக் என்ன என்று லெய்ன்ஸ்டர் எழுதவில்லை.